எந்தத் தண்ணீர், யாருடைய தண்ணீர்? ஜப்பானின் கடல், நீர் தெய்வங்கள் பற்றி

உங்கள் கேள்வியை முதலில் ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொள்கிறேன். "ஜப்பானியப் புராணத்தில் கடல் கடவுள் யார்? ஒரு வீடியோ கேமில் சுசானோ என்கிறார்கள், ஒரு அனிமேயில் ரியூஜின் என்கிறார்கள். தேடினால் வதாத்சுமி, எபிசு, சுயிஜின் என்று பட்டியல் நீள்கிறது. நம் வருணனும் சரஸ்வதியும் அங்கே இருப்பது உண்மையா? வேலையாக ஒசாகா போகிறேன், பார்க்க ஏதாவது கோயில் உண்டா?" என்று கேட்டிருக்கிறீர்கள். ஒரு பெயரைச் சொன்னால் முடிந்துவிடும் கேள்வி மாதிரித் தெரிகிறது. ஆனால் நீங்கள் உண்மையில் கேட்பது, இத்தனை பேரில் அந்தப் பதவியில் இருப்பவர் யார், மற்றவர்களுக்கு அங்கே என்ன வேலை என்பதுதான். ஜப்பானிய மொழியும் சமய வரலாறும் படித்து, ஜப்பானின் தெற்குத் தீவான கியூஷூவில் சில வருடங்கள் இருந்து, இப்போதும் பழைய நூல்களை மாணவர்களோடு வாசித்து வருகிறேன். அந்தப் பழக்கத்தில் சொல்கிறேன்: அப்படி ஒரு பதவியே அங்கே இல்லை.

நெய்தல் நிலத்துக்கு வருணன் என்று தொல்காப்பியத்தில் படித்து வளர்ந்தவர்கள் நாம். நிலத்துக்கு ஒரு தெய்வம் என்ற கணக்கு நமக்குப் பழகிவிட்டது. அதே கணக்கோடு ஜப்பானுக்குள் போனால் குழம்பத்தான் செய்யும். அங்கே கடலின் அடிக்கு ஒருவர், நடுவுக்கு ஒருவர், மேலுக்கு ஒருவர். ஒரு நீரிணைக்கு ஒருவர், ஒரு தீவுக்கு ஒருவர், ஒரு குலத்துக்கு ஒருவர், ஒரு படகுக்கு ஒருவர். அதனால் யார் கடல் கடவுள் என்பதை விட்டுவிட்டு, எந்தத் தண்ணீர், யாருடைய தண்ணீர் என்று கேட்டுப் பாருங்கள். நீங்கள் சேர்த்த எல்லாப் பெயர்களும் தத்தம் இடத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும்.

ஆதாரங்கள் பற்றி ஒரு வார்த்தை. நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய தொகுப்புகள் இரண்டு: 712-இல் ஓ நோ யசுமாரோ அரசவைக்குக் கொடுத்த கோஜிகி, 720-இல் முடிந்த நிஹோன் ஷோகி. இரண்டுமே அரச குடும்பத்தின் உரிமையை நிலைநாட்ட எழுதப்பட்டவை என்பதை மறக்கக் கூடாது. நிஹோன் ஷோகியில் எனக்குப் பிடித்த குணம் ஒன்று உண்டு. ஒரு கதையைச் சொல்லிவிட்டு, "வேறொரு நூல் இப்படிச் சொல்கிறது" என்று மாற்றுக் கதைகளை அடுக்கிக்கொண்டே போகும், எது சரி என்று தீர்ப்புச் சொல்லாது. ஆகவே "ஜப்பானியப் புராணத்தில் இப்படித்தான்" என்று யாராவது அடித்துச் சொன்னால், எந்த நூலில் என்று கேட்டுவிடுங்கள்.

சுசானோ விஷயம் இதற்கு நல்ல உதாரணம். கோஜிகியில் தகப்பன் இசனாகி, மகளான சூரிய தேவதை அமதெராசுவுக்கு வானுலகையும், த்சுகுயோமிக்கு இரவையும், கடைக்குட்டி சுசானோவுக்குக் கடலையும் கொடுக்கிறார். நிஹோன் ஷோகியின் மூலக்கதையில் சுசானோவுக்குக் கடல் இல்லை. ஒரு மாற்றுக் கதை கடலையும் அதன் ஏற்ற வற்றங்களையும் சந்திரனான த்சுகுயோமிக்குக் கொடுக்கிறது. இன்னொன்று மறுபடி சுசானோவுக்கே கொடுக்கிறது. ஆக, சில நூல்களில் அவருக்குக் கடல் ஒதுக்கப்பட்டது உறுதி. அவர் அதை ஒரு நாள்கூட ஆளவில்லை என்பதும் அதே அளவுக்கு உறுதி. தாடி நெஞ்சு வரை வளரும் வரைக்கும் அம்மா வேண்டும் என்று அழுதுகொண்டே இருந்தார். அந்த அழுகையில் பச்சை மலைகள் பட்டுப்போயின, ஆறும் கடலும் வற்றின. தகப்பன் துரத்திவிட்டார். அதற்குப் பிறகு அவர் கதை வானுலகிலும் இசுமோ என்ற பகுதியிலும் நடக்கிறது, கடலில் நடக்கவில்லை. அவரைப் புயல் தெய்வம் என்பது பிற்கால ஆய்வாளர்களின் விளக்கம். பொருத்தமான விளக்கம்தான், ஆனால் நூலில் அப்படி ஒரு வரி கிடையாது.

கடலுக்கென்றே பிறந்தவர்கள் வதாத்சுமிகள். இசனாகியும் இசனாமியும் பெற்ற பிள்ளைகளில் ஓவதாத்சுமி என்ற கடல் தெய்வம் ஒருவர். அப்புறம் இறந்த மனைவியைத் தேடி யோமி என்ற மறுவுலகுக்குப் போன இசனாகி, அங்கே ஒட்டிய தீட்டைக் கழிக்க ஹிமுகா நாட்டில் தண்ணீரில் இறங்குகிறார். இந்த இடத்தைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். மேல் நீரோட்டம் வேகமாக இருக்கிறது, கீழ் நீரோட்டம் மந்தமாக இருக்கிறது என்று சொல்லி நடு நீரில் இறங்குகிறார். தண்ணீரின் அடியில் முங்கிக் கழுவும்போது இரண்டு தெய்வங்கள், நடுவில் கழுவும்போது இரண்டு, மேலே வந்து கழுவும்போது இரண்டு. ஒவ்வோர் ஆழத்திலும் ஒரு வதாத்சுமி, ஒரு த்சுத்சுனோஓ. மொத்தம் ஆறு பேர். அமதெராசுவும் சுசானோவும் இவர்களுக்குப் பிறகுதான், முகம் கழுவும்போது பிறக்கிறார்கள். கடல் என்பது ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடக்கும் மூன்று தண்ணீர் என்ற நினைப்பு, முங்கிச் சிப்பி எடுத்தவர்களுக்கும் வலை போட்டவர்களுக்கும்தான் வந்திருக்க முடியும் என்று நான் நினைக்கிறேன். இதற்கு நூலில் சான்று கேட்காதீர்கள், இது என் ஊகம்.

ஆனால் யாருடைய தெய்வங்கள் என்பதில் ஊகத்துக்கு வேலை இல்லை. மூன்று வதாத்சுமிகளும் அசுமி குலத்தின் மூதாதையர் என்று கோஜிகியே சொல்கிறது. அசுமிகள் வடக்குக் கியூஷூவின் கடலோடிகள். ஹகாதா விரிகுடாவின் வாயில், ஒரு நீண்ட மணல்திட்டால் கரையோடு இணைந்து கிடக்கும் ஷிகானோஷிமா தீவில் அவர்களுடைய ஷிகாஉமி கோயில் இருக்கிறது. அங்கே ஒரு சின்ன மண்டபத்துக்குள் மான் கொம்புகளாகக் குவித்து வைத்திருக்கிறார்கள், பத்தாயிரத்துக்கும் மேல். கடல் தெய்வத்துக்கு மான் கொம்பு எதற்கு? பழங்கதைகளில் வரும் பேரரசி ஜிங்கு செலுத்திய காணிக்கையில் தொடங்கியது என்பது கோயில் வழக்கு. மான் கொம்பில் தூண்டில் முள் செய்த காலம் ஜப்பானில் இருந்தது. அதோடு முடிச்சுப் போடத் தோன்றும், ஆனால் நிறுவ வழியில்லை. இதே தீவில்தான் 1784-இல் ஒரு பொன் முத்திரை கிடைத்தது. கி.பி. 57-இல் சீனப் பேரரசர் நா நாட்டு அரசனுக்குக் கொடுத்ததாகக் கருதப்படும் முத்திரை அது. இந்தக் கடலோடிகளின் தண்ணீர் எங்கே போய்ச் சேர்ந்தது என்பதற்கு அதைவிட நல்ல அடையாளம் இல்லை.

மற்ற மூன்று பேர், அதாவது த்சுத்சுனோஓக்கள், சுமியோஷி தெய்வங்கள். இவர்கள் கடலைவிடக் கடல் பயணத்துக்கு உரியவர்கள். தாங் சீனாவுக்குப் போன அரசத் தூதர்கள் இவர்களை வணங்கிவிட்டே கப்பல் ஏறினார்கள். இவர்கள் ஓரியன் விண்மீன் கூட்டத்தின் நடுவில் வரிசையாக நிற்கும் மூன்று நட்சத்திரங்கள் என்று ஒரு கருத்து உண்டு. இரவில் திசை பார்த்துக் கப்பல் ஓட்டியவர்களின் தெய்வங்கள் என்பதால் கேட்க அழகாக இருக்கும், ஆனால் ஆய்வாளர்கள் எல்லோரும் ஏற்றதில்லை.

இனி எனக்கு மிகவும் பிடித்த கதை. அண்ணன் கடலில் மீன் பிடிப்பவன், தம்பி மலையில் வேட்டையாடுபவன். ஒரு நாள் தொழிலை மாற்றிப் பார்க்கலாம் என்று தம்பி கெஞ்சி அண்ணனின் தூண்டிலை வாங்கிப் போய், முள்ளைக் கடலில் தொலைத்துவிடுகிறான். தன் வாளை உடைத்து ஐந்நூறு முள், அப்புறம் ஆயிரம் முள் செய்து கொடுத்தும் அண்ணன், "என் முள்தான் வேண்டும்" என்கிறான். கரையில் அழுதுகொண்டு நின்ற தம்பியை ஷியோத்சுச்சி என்ற தெய்வம் இடைவெளி இல்லாமல் பின்னிய மூங்கில் கூடைப் படகில் ஏற்றி அனுப்புகிறது. மீன் செதில் போல அடுக்கிய மாளிகை, வாசலில் கிணறு, கிணற்றங்கரையில் ஒரு கத்சுரா மரம். மரத்தில் உட்கார்ந்திருக்கும் அவனைக் கடல் தெய்வத்தின் மகள் தொயோதமஹிமே பார்க்கிறாள், கல்யாணம் ஆகிறது. மூன்று வருடம் சுகமாக இருந்த பிறகு ஒரு ராத்திரி அவன் பெருமூச்சு விடுகிறான். மாமனார் விசாரித்து, மீன்களை எல்லாம் கூட்டி, 'தாய்' (tai) என்று ஜப்பானியர் அழைக்கும் ஒரு கடல் மீனின் தொண்டையில் சிக்கியிருந்த முள்ளை எடுத்துக் கழுவிக் கொடுக்கிறார்.

கொடுக்கும்போது அவர் சொல்வதைக் கவனியுங்கள். "உன் அண்ணன் மேட்டு வயலில் பயிர் செய்தால் நீ பள்ளத்து வயலில் செய். அவன் பள்ளத்தில் செய்தால் நீ மேட்டில் செய். தண்ணீர் என் கையில் இருப்பதால் மூன்று வருடத்தில் அவன் ஏழையாகிவிடுவான்." கடலடியில் இருக்கும் தெய்வம் வயலுக்குப் பாயும் தண்ணீரைப் பற்றிப் பேசுகிறது. உப்புத் தண்ணீர், நல்ல தண்ணீர் என்று நாம் பிரிப்பது இந்தக் கதைக்குத் தெரியவில்லை. கடல் தெய்வம், நீர் தெய்வம் என்று தனித்தனி அட்டவணை போடும் இணையப் பக்கங்கள் இந்த ஒரு வரியைப் படித்திருந்தால் அப்படிப் போட்டிருக்கமாட்டார்கள். கூடவே அலையை ஏற்றும் ஒரு மணிக்கல், வற்றச் செய்யும் ஒரு மணிக்கல் என்று இரண்டு மணிக்கற்களையும் கொடுத்தனுப்புகிறார். சண்டைக்கு வந்த அண்ணன் முங்கித் தத்தளித்து, தம்பிக்குக் காவல் இருப்பதாக வாக்குக் கொடுக்கிறான். அந்த அண்ணனின் வழி வந்தவர்கள் தெற்குக் கியூஷூவின் ஹயாதோ மக்கள் என்றும், முங்கித் தத்தளித்ததை அரண்மனையில் நடித்துக் காட்டுகிறார்கள் என்றும் நூல் சொல்கிறது. தோற்ற ஒரு மக்கள் கூட்டத்தின் அடிபணிவுக்குப் புராணக் காரணம் சொல்லும் பகுதி இது என்பதில் ஆய்வாளர்களுக்குப் பெரிய கருத்து வேறுபாடு இல்லை.

கதை அங்கே முடியவில்லை. பிள்ளை பெற தொயோதமஹிமே கரைக்கு வருகிறாள். நீர்க்காக்கை இறகால் குடிசைக்குக் கூரை வேய்ந்து முடிப்பதற்குள் வலி எடுத்துவிடுகிறது. "எங்கள் ஊரில் பிரசவ நேரத்தில் சொந்த உருவத்துக்கு மாறிவிடுவோம், பார்க்காதே" என்கிறாள். அவன் பார்த்துவிடுகிறான். கோஜிகியில் அவள் பெரிய வனியாக நெளிந்துகொண்டிருக்கிறாள். நிஹோன் ஷோகியின் மூலக்கதையில் டிராகனாக. வெட்கத்தில் கடலுக்கும் கரைக்கும் இடையிலிருந்த வழியை அடைத்துவிட்டுப் போகிறாள். ஆனாலும் பிள்ளையை வளர்க்கத் தன் தங்கை தமயோரிஹிமேயை அனுப்பிவைக்கிறாள். அந்தப் பிள்ளை வளர்ந்து சித்தியையே மணக்கிறான். அவர்கள் மகன் ஜிம்மு, மரபுப்படி ஜப்பானின் முதல் பேரரசர். சூரிய தேவதையின் வம்சம் என்று எல்லோரும் சொல்லும் அரச குடும்பத்துக்குத் தாய்வழி கடல்தான் என்பதைப் பலரும் கவனிப்பதில்லை. வனி என்பது முதலையா சுறாவா என்பது பழைய வழக்கு. ஜப்பானில் முதலை இல்லாததால் சுறா என்பவர்களே அதிகம். ஹிரோஷிமாவின் மலைப்பக்கத்து மியோஷியில் இன்றும் சுறாவை வனி என்றே சொல்லிப் பச்சையாகச் சீவிச் சாப்பிடுகிறார்கள்.

உங்கள் அனிமேயின் ரியூஜின் இதற்கு அப்புறம் வருபவர். சீனாவின் டிராகன் அரசர்களும், பௌத்த நூல்களின் வழியாக வந்த இந்திய நாகர்களும் சேர்ந்து ஜப்பானில் உருவான தெய்வம். அவர் மாளிகைதான் ரியூகூ. காலப்போக்கில் வதாத்சுமியின் மீன்செதில் மாளிகை ரியூகூவாக மாறிவிட்டது. வதாத்சுமியும் ரியூஜினும் ஒருவரே என்று பேசத் தொடங்கினார்கள். மத்திய காலத்து வழக்கில் அது சரி, எட்டாம் நூற்றாண்டு நூலுக்கு அது சரியில்லை. உராஷிமா கதையில் இந்த மாற்றம் அப்பட்டமாகத் தெரியும். நிஹோன் ஷோகி 478-ஆம் ஆண்டுக்குரிய குறிப்பில், உராஷிமா பிடித்த ஆமை பெண்ணாக மாறுகிறது, இருவரும் ஹோராய் என்ற அமரர் நாட்டுக்குப் போகிறார்கள். டிராகன் மாளிகை அங்கே இல்லை. குழந்தைகள் இன்று படிக்கும் கதையில் ரியூகூவைத் தவிர வேறெதுவும் இல்லை.

இனி வருணன். இருக்கிறார். பௌத்தத் தாந்திரிக மரபோடு ஜப்பானுக்குப் போய், பன்னிரண்டு தேவர்களில் ஒருவராக, மேற்குத் திசைக் காவலராக, சுயிதென் என்ற பெயரில் இருக்கிறார். ஆனால் மக்கள் வழிபாட்டில் அந்தப் பெயர் வேறொரு துயரத்தோடு கலந்துவிட்டது. 1185-இல் தன்னோஉரா கடற்போரில் தைரா குலம் தோற்றபோது, சிறுவனாக இருந்த பேரரசர் அன்தொகுவை அவர் பாட்டி தூக்கிக்கொண்டு, "அலைகளுக்குக் கீழேயும் ஒரு தலைநகரம் உண்டு" என்று சொல்லிக் கடலில் குதித்ததாக ஹெய்கே கதை சொல்கிறது. தப்பிய பணிப்பெண் ஒருத்தி கியூஷூவின் சிக்குகோ ஆற்றங்கரையில் அந்தச் சிறுவனுக்கு வழிபாடு தொடங்கினாள் என்பது குருமே நகரத்து சுயிதென்கூ கோயிலின் வரலாறு. அந்த ஊரை ஆண்ட அரிமா பிரபு 1818-இல் எதோவில், அதாவது இன்றைய தோக்கியோவில், ஒரு கிளை அமைத்தார். இன்று அங்கே போனால் கர்ப்பிணிகளைத்தான் பார்ப்பீர்கள். நாய் சுலபமாகக் குட்டி போடும் என்பதால் நாய் நாள் பார்த்து, வயிற்றில் கட்டும் துணி வாங்க வரிசையில் நிற்பார்கள். ஆக, வருணன் ஜப்பானில் உண்டு என்பது சரி. அங்கே அவர் கடலின் அரசன் என்பது தவறு. சுயிஜின் என்பவர் இவரல்ல என்பதையும் சொல்லிவிடுகிறேன். அது கிணறு, வாய்க்கால், ஆற்றங்கரை எங்கும் சின்னக் கல்லாக நிற்கும் ஊர்த் தண்ணீர்த் தெய்வத்துக்குப் பொதுப்பெயர்.

சரஸ்வதி விஷயத்தில் சந்தேகமே வேண்டாம். பொன்னொளிச் சூத்திரம் என்ற பௌத்த நூலோடு போன அவர்தான் பென்சைதென். நாராவின் தோதாய்ஜி மடத்தில் எட்டாம் நூற்றாண்டுக் களிமண் சிலை ஒன்று இருக்கிறது, எட்டுக் கைகளோடு. பின்னால் வந்த உருவம்தான் பிவா என்ற நரம்பிசைக் கருவியை மடியில் வைத்திருப்பது. நதியாக இருந்த தெய்வம் என்பதை ஜப்பான் மறக்கவில்லை. எனோஷிமா தீவு, பிவா ஏரியின் சிக்குபு தீவு, இத்சுகுஷிமா என்று அவருக்குப் பேர்பெற்ற இடங்கள் எல்லாம் தண்ணீருக்கு நடுவில்தான். தலையில் சுருண்ட பாம்போடு காட்டும் சிலைகளும் உண்டு. அந்தப் பாம்பு உகஜின் என்ற தெய்வம், இந்தியாவிலிருந்து போனதில்லை.

இத்சுகுஷிமாவில் பென்சைதெனோடு ஒன்றாகக் கருதப்பட்டவர் இச்சிகிஷிமஹிமே, வடக்குக் கியூஷூவின் முனகாதாவில் வணங்கும் மூன்று சகோதரித் தெய்வங்களில் ஒருவர். சுசானோவின் வாளை அமதெராசு மூன்றாக உடைத்து, வானுலகக் கிணற்றில் அலசி, மென்று ஊதிய மூச்சின் பனித்துளியில் பிறந்தவர்கள் இவர்கள். கியூஷூவிலிருந்து கொரியா போகும் கடல் வழியில் மூவருக்கும் மூன்று கோயில்: ஒன்று கரையில், ஒன்று ஓஷிமா தீவில், ஒன்று கரையிலிருந்து சுமார் 60 கிலோமீட்டர் தள்ளி நடுக்கடலில் நிற்கும் ஒகினோஷிமாவில். நான்காம் நூற்றாண்டிலிருந்து ஒன்பதாம் நூற்றாண்டு வரை அந்தத் தீவின் பாறைகளில் படைத்த காணிக்கைகள் 1954-இல் தொடங்கிய அகழாய்வுகளில் வெளிவந்தன. சுமார் 80,000 பொருள்கள், எல்லாம் தேசியச் செல்வங்கள். பழைய கொரியாவின் சில்லா நாட்டுப் பாணியில் ஒரு தங்க மோதிரம், சாசானியப் பாரசீகத்திலிருந்து வந்த கண்ணாடிக் கிண்ணத்தின் உடைந்த துண்டு, குட்டித் தறி. 2017-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. தீவில் ஒரே ஒரு பூசாரி முறை வைத்துத் தங்குவார். இறங்குபவர் முதலில் கடலில் முழுக வேண்டும். ஒரு புல்லைக்கூட எடுத்து வரக் கூடாது, பார்த்ததை வெளியே சொல்லக் கூடாது. பெண்கள் இறங்கும் வழக்கம் இல்லை. இதற்கு ஒன்றுக்கு மேற்பட்ட காரணம் சொல்கிறார்கள், எதுவும் பழைய நூல் ஆதாரத்தோடு இல்லை. ஓஷிமாவின் வடகரையில் தூரத்திலிருந்தே கும்பிடும் மண்டபம் ஒன்று உண்டு. வானம் தெளிந்த நாளில் அங்கிருந்து ஒகினோஷிமா தெரியும்.

1868-இல் புதிய அரசு பௌத்தத்தையும் ஜப்பானின் சொந்தத் தெய்வ வழிபாடான ஷிந்தோவையும் பிரிக்க ஆணையிட்டதை இங்கே சொல்லியே ஆக வேண்டும். இத்சுகுஷிமாவின் பென்சைதென் பக்கத்து தைகன்ஜி மடத்துக்குப் போனார். ஷிகோகு தீவின் கொம்பிரா கோயிலிலும் இதே கதை. கொம்பிரா என்பது கும்பீரன், கங்கையின் முதலைத் தெய்வம். கப்பல்காரர்களின் காவலராக நூற்றாண்டுகள் இருந்தவர். பிரிப்புக்குப் பிறகு அந்தக் கோயில் கொதொஹிரா ஆகி, தெய்வமும் ஓமோனோனுஷி ஆனது. ஆனாலும் மக்கள் வாயில் இன்னும் கொம்பிராதான். ஷிகோகுவை ஒட்டிய கடலில் போகும் கப்பலிலிருந்து காணிக்கையை ஒரு சின்னப் பீப்பாயில் போட்டுக் கடலில் விட்டுவிடுவார்கள். கண்டெடுக்கும் மீனவர் அதை எடுத்துக்கொண்டு மலையேறிக் கோயிலில் சேர்ப்பார், சேர்த்தவருக்கும் புண்ணியம். முன்பின் தெரியாதவர்கள் கைமாற்றிக் கொண்டுபோய்ச் சேர்க்கும் இந்த வழக்கத்தைவிட அழகான கடல் வழிபாட்டை நான் கண்டதில்லை.

மீனவர்களிடம் கேட்டால் மேலே சொன்ன பெரிய பெயர்களைவிட எபிசு பெயர்தான் முதலில் வரும். தூண்டிலும் தாய் மீனுமாகச் சிரிக்கும் அந்த உருவத்தை நீங்கள் கடைகளில் பார்த்திருப்பீர்கள். இசனாகி தம்பதி நாணல் படகில் போட்டுக் கடலில் விட்ட குறைப்பிள்ளை ஹிருகோதான் கரை ஒதுங்கி எபிசுவானார் என்பது மத்திய காலத்தில் உருவான இணைப்பு, கோஜிகியில் இல்லை. அடியில் இருக்கும் நம்பிக்கை இன்னும் எளிமையானது: கடல் கொண்டுவந்து தருவதெல்லாம் எபிசு. கரை ஒதுங்கிய திமிங்கிலம் எபிசு, மிதந்துவரும் கட்டை எபிசு. கடலில் கண்ட சடலத்தையும் பல ஊர்களில் அப்படியே அழைத்து, மரியாதையோடு கரை சேர்த்தால் மீன்பாடு உண்டு என்று நம்பினார்கள். படகுக்குள் இருப்பவர் ஃபுனதாமா. படகு கட்டி முடித்ததும் தச்சர் பாய்மரத்தின் அடிக்கட்டையில் ஒரு குழி செதுக்கி, பெண்ணின் தலைமுடி, ஒரு ஜோடி பொம்மை, இரண்டு தாயக்கட்டை, காசுகள், தானியம் இவற்றை வைத்து மூடிவிடுவார். அதற்கு மேல் அந்தத் தெய்வத்துக்குக் கோயில் வேண்டியதில்லை.

நல்ல தண்ணீர் தெய்வங்களில் சிலரை மட்டும் சொல்கிறேன். கியோத்தோவின் கிஃபுனே கோயிலில் இருக்கும் தகாஓகாமி மழைக்கு உரியவர். மழை வேண்டுமென்றால் அரசவை கருப்புக் குதிரையும், மழை நிற்க வேண்டுமென்றால் வெள்ளைக் குதிரையும் அனுப்பியது. குதிரைக்குப் பதிலாகப் படம் வரைந்த பலகை வந்ததே இன்று எல்லாக் கோயிலிலும் தொங்கும் வேண்டுதல் பலகைகளுக்குத் தொடக்கம் என்பது அந்தக் கோயிலின் வழக்கு. ஆண்டுக்கு இருமுறை, ஜூன் கடைசியிலும் டிசம்பர் கடைசியிலும் ஓதும் தீட்டுக்கழிப்பு மந்திரத்தில் நால்வர் வருகிறார்கள். ஆற்று வேகத்தில் இருக்கும் செஓரித்சுஹிமே ஊரின் பாவத்தைக் கடலுக்குத் தள்ளுகிறாள். நீரோட்டங்கள் கூடும் சுழியில் ஹயாஅகித்சுஹிமே அதை விழுங்குகிறாள். இபுகிதோனுஷி பாதாளத்துக்கு ஊதிவிடுகிறார். அங்கே ஹயசசுராஹிமே எங்கேயோ தொலைத்துவிடுகிறாள். இது 927-இல் முடிந்த எங்கிஷிகி தொகுப்பில் அப்படியே இருக்கிறது. மலை ஓடையும் ஆழ்கடலும் ஒரே பாதையின் இரண்டு முனைகள் என்பதை இதைவிடத் தெளிவாக எந்தக் கதையும் சொல்லவில்லை.

தெய்வம் என்றால் பயந்து பணிந்தார்கள் என்று மட்டும் நினைக்க வேண்டாம். நிஹோன் ஷோகியில், பேரரசர் நின்தொகு காலத்தில், இன்றைய ஒசாகாப் பகுதியில் மம்முதா என்ற இடத்தில் கரை கட்டும்போது இரண்டு இடத்தில் உடைப்பு அடைபடவே இல்லை. கோவகுபி, கொரோமோனோகோ என்ற இருவரை ஆற்றுத் தெய்வத்துக்குப் பலி கொடுத்தால் அடையும் என்று கனவு வருகிறது. கோவகுபி அழுதுகொண்டே தண்ணீரில் இறங்கிச் செத்துப்போகிறான், அந்த உடைப்பு அடைபடுகிறது. கொரோமோனோகோ இரண்டு சுரைக்குடுக்கையைத் தண்ணீரில் எறிந்து, "நீ மெய்யான தெய்வம் என்றால் இதை முக்கிக் காட்டு, நான் வருகிறேன். முக்க முடியாவிட்டால் பொய்த் தெய்வம், உனக்கு ஏன் நான் சாக வேண்டும்?" என்கிறான். சுழற்காற்று அடிக்கிறது, குடுக்கை அலையில் ஆடி ஆடி மிதந்து போய்விடுகிறது. அவனும் சாகவில்லை, உடைப்பும் அடைபட்டது. நின்தொகுவின் ஆண்டுக்கணக்கை வரலாறாக எடுக்க முடியாது. ஆனால் நரபலி கேட்கும் ஆற்றுத் தெய்வத்தை ஒருவன் கேள்வி கேட்டுத் தப்பினான் என்பதை அரசவையின் நூல் மெச்சிப் பதிவு செய்திருக்கிறது.

ஒகினாவாவில் கடலுக்கு அப்பால் நிராய் கனாய் என்ற நலம் தரும் உலகம் உண்டு என்ற நம்பிக்கையும், ஐனு மக்களின் ரெபுன் கமுய் என்ற ஓர்கா தெய்வமும் தனி மரபுகள். அவை என் துறை இல்லை, அதனால் மேலே கலக்கவில்லை. ஜப்பானியப் புராணம் என்ற தலைப்பில் அவற்றையும் சேர்த்துப் போடும் பட்டியல்களைக் கொஞ்சம் எச்சரிக்கையோடு படியுங்கள்.

ஒசாகாவில் சுமியோஷி தைஷாவுக்குப் போங்கள். நங்காய் ரயிலிலும் போகலாம்; கோயில் வாசலிலேயே நிற்கும் ஹங்காய் டிராம் இன்னும் நன்றாக இருக்கும். வளைந்த பாலம் தாண்டி உள்ளே போனால் நான்கு கருவறைகள், 1810-இல் கட்டியவை, தேசியச் செல்வங்கள். முதல் மூன்றும் ஒன்றன்பின் ஒன்றாக நேர்கோட்டில் நிற்கும். அவற்றில் மூன்று த்சுத்சுனோஓக்கள். மூன்றாவதன் பக்கத்தில் நிற்கும் நான்காவது பேரரசி ஜிங்குவுக்கு. நான்கும் மேற்கே, ஒசாகா விரிகுடாவைப் பார்த்து இருக்கின்றன. முன்பு கடல் கோயிலுக்குக் கிட்டவே இருந்தது; கடலைத் தூர்த்துத் தூர்த்து இப்போது கரை மேற்கே சில கிலோமீட்டர் தள்ளிப் போய்விட்டது. புத்தாண்டின் முதல் மூன்று நாளில் இருபது லட்சத்துக்கும் மேல் கூட்டம் வரும், அப்போது போகாதீர்கள். கோயிலுக்குள்ளேயே ஒரு நெல் வயல் இருக்கிறது. ஜூன் 14 அன்று அதில் மாடு பூட்டி உழுது, ஆட்டம் பாட்டோடு நாற்று நடுகிறார்கள். உங்கள் பயணம் அந்தத் தேதிக்கு ஒத்துவந்தால் மதியத்துக்கு முன்பே போய் இடம் பிடித்துக்கொள்ளுங்கள். ஒத்துவராவிட்டாலும் அந்த வயலைக் கட்டாயம் பார்த்துவிட்டு வாருங்கள்.